இரண்டு முன்பற்களும் ஒரு ட்ரம்பெட்டும்

பிப்ரவரி 11

அன்புள்ள அண்ணா,

நலம். வீக்கம் வடிந்துவிட்டது, உதட்டுக் காயமும் ஆறிவிட்டது. நீ கொடுத்த மாத்திரைகளை ஒன்று விடாமல் முடித்தேன், சத்தியமாக. அம்மாவிடமும் அண்ணியிடமும் சொல்லிவிடு.

ஃபோன் இருக்க எதற்குக் கடிதம் என்று நினைப்பாய். ஃபோனில் பேசினால் அம்மா ஸ்பீக்கரில் போட்டுவிடுவாள், அண்ணி அடுப்பை அணைத்துவிட்டு வந்து நிற்பாள், உன்னிடம் தனியாகச் சொல்ல வேண்டியது குடும்ப மாநாடாகிவிடும். அதோடு, உன் குரலைக் கேட்டால் நான் கத்திவிடுவேன். எழுத்தில் கொஞ்சம் அடக்கம் வரும் என்று நம்பி உட்கார்ந்திருக்கிறேன்.

முதலில் நன்றி. எங்கள் குழுவின் நெட்டை வாசிக்கும் டபுள் பேஸை, ஆள் உயர வயலின் மாதிரி இருக்குமே, அதைத் தூக்கிக்கொண்டு மாடிப்படியில் பின்பக்கமாக இறங்கியது என் முட்டாள்தனம். வாத்தியத்தைக் காப்பாற்றி முகத்தைக் கொடுத்தது அதைவிடப் பெரிய முட்டாள்தனம். பேஸில் ஒரு கீறல்கூட இல்லை. நெட்டை அதை நாலு தடவை என்னிடம் சந்தோஷமாகச் சொல்லிவிட்டான். உடைந்த பல்லைக் கைக்குட்டையில் முடிந்துகொண்டு ரயிலேறி வந்தவளுக்கு, ஞாயிற்றுக்கிழமை என்று பார்க்காமல் கிளினிக்கைத் திறந்தாய். ஒருமுறைகூட வலிக்கவில்லை. நீ கை தேர்ந்தவன்தான், அதில் சந்தேகமே இல்லை.

இனி விஷயத்துக்கு வருகிறேன். என் இரண்டு முன்பற்களுக்கும் நடுவே ஒரு சந்து இருந்ததே, அது எங்கே?

நீ கேலி செய்வாய். ஆனால் கேள். ட்ரம்பெட்டின் வாய்ப்பகுதி உதட்டின் மேல் உட்காரும். உதடு முன்பல்லின் மேல் உட்காரும். என் மேலுதடு அந்தச் சந்துக்குள் ஒரு நூல் அளவு இறங்கி நிற்கும். காற்று அந்த இடத்தில் கொஞ்சம் உரசிக்கொண்டு போகும். அதனால்தான் என் சத்தத்தில் ஒரு கரகரப்பு. கண்ணை மூடிக்கொண்டு கேட்டாலும் இது இவள்தான் என்று சொல்லிவிடலாம் என்பார்கள். இவ்வளவு வருஷத்தில் நான் சம்பாதித்தது அது ஒன்றுதான்.

முந்தாநாள் வாத்தியத்தை எடுத்தேன். ஊதினால் வேறு யாரோ ஊதுகிறார்கள். சுத்தமான, வழவழப்பான, யாருடையதும் இல்லாத சத்தம். மேலே போனால் அதுவும் இல்லை, வெறும் காற்று. அண்ணா, உடைந்ததை ஒட்டச் சொன்னேன். நீ எனக்குக் கல்யாணப் பெண்ணின் பல் வைத்திருக்கிறாய்.

அடுத்த மாதக் கடைசியில் ஒலிப்பதிவு. என் பெயரில், நான் முன்னால் நின்று நடத்தும் முதல் ஆல்பம். இதற்காக எத்தனை வருஷம் மற்றவர்களின் பின்னால் நின்று ஊதினேன் என்று உனக்குத் தெரியும். எனக்குப் பயமாக இருக்கிறது. அதைச் சொல்லத்தான் எழுதினேன், சண்டை போட இல்லை. சண்டையும் கொஞ்சம்.

உன்
ஓட்டைப்பல்லு
(இப்போது அதுவும் இல்லை)


பிப்ரவரி 17

அன்புள்ள பாப்பாவுக்கு,

உன் கடிதம் கிடைத்தது. அண்ணி பிரிப்பதற்குள் நான் பிரித்துவிட்டேன், அந்த வகையில் தப்பித்தேன். இங்கே எல்லோரும் சௌக்கியம். அம்மாவுக்கு முழங்கால் வலி. மாத்திரை போடு என்றால் நீ பல் டாக்டர்தானே என்கிறாள்.

தாயே, உன் பல்லை நான் ஒட்டவில்லை. ஒட்டுவதற்கு அங்கே ஒன்றும் மிச்சம் இல்லை. வேர் பிழைத்ததே பெரிய விஷயம். இரண்டு பல்லுக்கும் உறை செய்து போட்டேன். நிறம் பொருந்த, கடி பொருந்த, ஈறோடு சேரும் இடத்தில் ஒரு கோடுகூடத் தெரியாமல். என் வாழ்நாளில் நான் செய்த மிக நல்ல இரண்டு பற்கள் உன் வாயில்தான் இருக்கின்றன. படம் எடுத்து டாக்டர்கள் கூட்டத்தில் காட்டினேன், நல்ல கைதட்டல்.

அந்த இடைவெளியை ஏன் மூடினேன் என்று கேட்கிறாய். மூடாமல் என்ன செய்வேன்? பன்னிரண்டு வயதில் கண்ணாடி முன்னால் நின்று நீ அழுத அழுகையை நான் மறக்கவில்லை. பள்ளிக்கூடம் முழுக்க ஓட்டைப்பல்லு என்று கூப்பிட்டார்கள், வீட்டில் நானும் கூப்பிட்டேன். வாயைக் கையால் பொத்திக்கொண்டுதான் சிரிப்பாய். குடும்பப் படங்களில் எதிலாவது நீ வாய் திறந்து சிரித்திருக்கிறாயா, பார். நான் பல் டாக்டர் ஆனதே உன் ஓட்டையை அடைக்கத்தான் என்று அம்மா ஊரெல்லாம் சொல்லிக்கொண்டிருக்கிறாள். அதில் பாதி உண்மை. அன்றைக்கு நீ மரத்துப்போன வாயோடு படுத்திருந்தபோது, இவள் எழுந்து கண்ணாடி பார்க்கும்போது எவ்வளவு சந்தோஷப்படுவாள் என்று நினைத்துக்கொண்டேதான் வேலை செய்தேன்.

அம்மாவும் சொன்னாள்: "இப்பதான் முகத்துக்கு ஒரு லட்சணம் வந்திருக்கு."

உன் இசையைப் பற்றி எனக்கு என்ன தெரியும்? போன தடவை நீ கொடுத்துவிட்டுப் போனதைக் கேட்டோம். பாத்திரக் கூடை ஒன்று மாடிப்படியில் உருண்டு, நடுநடுவே யாரோ அழுத மாதிரி இருந்தது. தாளம் எங்கே தொடங்குகிறது, பாட்டு எங்கே முடிகிறது என்று ஒன்றும் பிடிபடவில்லை. அப்படிப்பட்ட சங்கீதத்தில் ஒரு கரகரப்பு இருந்தால் என்ன, போனால் என்ன என்று தோன்றியது. கோபப்படாதே, பாமரன் கேட்கிறேன்.

புதுச் செருப்பும் முதலில் கடிக்கத்தான் செய்யும். பழகிவிடும்.

ஆசிகளுடன்,
அண்ணன்


பிப்ரவரி 22

அண்ணா,

செருப்பா?

கண்ணாடி முன்னால் அழுதது பன்னிரண்டு வயதில். பதினான்கில் பள்ளி பேண்டு செட்டில் ஒரு நசுங்கிப்போன ட்ரம்பெட்டை என் கையில் திணித்தார்கள். ஊதினேன். மாஸ்டர் திரும்பிப் பார்த்தார், வரிசையே திரும்பிப் பார்த்தது. அன்றிலிருந்து அந்த ஓட்டைக்காக நான் ஒரு சொட்டுக் கண்ணீர் விட்டதில்லை. அதைக் கொடுத்த கடவுளுக்கு நன்றி சொல்லியிருக்கிறேன். உனக்கு அது தெரியாது. நீ அப்போது கல்லூரி விடுதியில் இருந்தாய். விடுமுறைக்கு வரும்போதெல்லாம் பழைய பாப்பாவைத்தான் தேடினாய். நானும் சொல்லவில்லை, நீயும் கேட்கவில்லை. கத்தியைக் கையில் எடுத்துக்கொண்ட பிறகாவது கேட்டிருக்கலாம்.

படங்களில் வாயை மூடிக்கொண்டிருப்பது வெட்கத்தால் இல்லை. ஊதுகிறவர்களுக்கு உதடு சேர்ந்தே இருந்து பழகிவிடும்.

எங்கள் இசையில் தாளம் கிடையாது, ராகம் கிடையாது, இன்னதை இன்ன நேரத்தில் வாசி என்று எழுதிய தாள் கிடையாது. நான்கு பேர் ஒருவரையொருவர் கேட்டுக்கொண்டே வாசிக்கிறோம். யார் எதைச் சொன்னாலும் மற்றவர் பதில் சொல்லியாக வேண்டும். கையில் வேறு ஒன்றும் இல்லாதபோது ஒருத்திக்கு மிஞ்சுவது அவள் சத்தம் மட்டும்தான். எழுதி வைத்த பாட்டு என்றால் எந்தப் பல்லை வைத்துக்கொண்டும் ஒப்பேற்றிவிடலாம். இதில் முடியாது. அதைத்தான் நீ எடுத்துவிட்டு, அழகாக இருக்கிறது என்று கைதட்டு வாங்கியிருக்கிறாய்.

பல்லுக்கு நடுவே மெழுகு வைத்துப் பார்த்தேன். வாய்ப்பகுதியை மாற்றிப் பார்த்தேன். ஓரமாக வைத்து ஊதிப் பார்த்தேன். நேற்று ஒத்திகையில் பாதியில் வாத்தியத்தைப் பெட்டியில் வைத்து மூடிவிட்டு வந்தேன். வாத்தியார் எழுந்து வந்து கதவைத் திறந்துவிட்டார், ஒன்றும் சொல்லவில்லை. சாக்ஸஃபோன் வாசிக்கும் எங்கள் வாத்தியார் பகலில் பள்ளிக்கூடத்தில் கணக்குச் சொல்லித் தருகிறவர், வாய் ஓயாதவர். அவரே பேசவில்லை என்றால் பார்த்துக்கொள்.

ஆல்பத்தை அவர் பெயருக்கு மாற்றிவிடலாமா என்று யோசிக்கிறேன்.

ஒலிப்பதிவு முடியும் வரை எனக்கு எழுத வேண்டாம்.

தங்கை


மார்ச் 3

அன்புள்ள பாப்பா,

எழுதாதே என்றாய். எழுதுகிறேன். திட்ட வேண்டுமென்றால் சேர்த்து வைத்துத் திட்டு.

உன் கடிதத்தைப் படித்த அன்று நான் கிளினிக்குக்குப் போகவில்லை. அண்ணி என்ன என்று கேட்டாள், கடிதத்தையே நீட்டிவிட்டேன். படித்துவிட்டு ஒரே ஒரு கேள்வி கேட்டாள்: "அவகிட்ட ஒரு வார்த்த கேக்கணும்னு உங்களுக்குத் தோணவே இல்லையா?" தோன்றவில்லை. அதுதான் உண்மை. உனக்கு என்ன வேண்டும் என்று எனக்குத் தெரியும் என்றே நினைத்திருந்தேன்.

ஒரு நல்ல செய்தி. நான் படிக்கும்போது வீட்டில் எல்லோர் வாயையும் அச்செடுத்துப் பழகினேனே, நினைவிருக்கிறதா? அச்சு மாவு தொண்டைக்குள் போய் நீ என் சட்டையெல்லாம் வாந்தி எடுத்தாய். அந்தப் பிளாஸ்டர் பற்கள் அலமாரியின் மேல்தட்டில் அப்படியே இருக்கின்றன. அப்பாவுடையது, அம்மாவுடையது, உன்னுடையது. உன் சந்து அதில் அச்சு அசலாக இருக்கிறது. அளந்து பார்த்தேன். அதே சாய்வு, அதே இடைவெளியோடு இரண்டு உறைகள் செய்யக் கொடுத்துவிட்டேன். இப்போது இருப்பதைக் கழற்றிவிட்டு அவற்றை மாட்டலாம். உன் சத்தம் திரும்பிவிடும்.

ஒரே தடங்கல், அடிபட்ட வேர் இன்னும் ஆறவில்லை. இப்போது கழற்றினால் பல்லே கையோடு வந்துவிடலாம். மே மாதம் வரை பொறுக்க வேண்டும். ஒலிப்பதிவைத் தள்ளிப்போட முடியுமா? முடியும் என்று ஒரு வரி எழுது. நானே வந்து உன் நண்பர்களிடம் பேசுகிறேன். தப்பு என்னுடையது என்று சொல்கிறேன்.

அம்மா தினமும் தபால்பெட்டியைப் பார்க்கிறாள். நான் பார்ப்பதைப் பார்த்துவிட்டு அவளும் பார்க்கிறாள்.

அண்ணன்


ஏப்ரல் 2

அண்ணா,

மார்ச் மாதம் உன் கடிதத்துக்குப் பதில் எழுதவில்லை. எழுத ஒன்றும் இருக்கவில்லை. தள்ளிப்போட முடியாது. ட்ரம்ஸ் வாசிக்கிறவள் பேருந்து ஓட்டுகிறவள். அவளுக்கு விடுப்பு கிடைப்பதே குதிரைக்கொம்பு. வாத்தியார் பரீட்சை வேலைக்கு நடுவே மூன்று நாள் லீவு வாங்கியிருந்தார். வேறு தேதியில் ஸ்டுடியோவும் காலி இல்லை. அதனால் போனேன். யாராவது நிறுத்திவிடுவார்கள் என்ற நம்பிக்கையில்தான் போனேன்.

ஒலிப்பதிவு முடிந்துவிட்டது. என்ன நடந்தது என்று எழுதுகிறேன், பொறுமையாகப் படி.

நால்வரும் ஒரே அறையில், ஒருவர் முகம் ஒருவருக்குத் தெரியும்படி நின்றோம். கண்ணாடிக்கு அந்தப் பக்கம் ஒலிப்பதிவாளர். நடத்துகிறவள் நான் என்பதால் தொடங்க வேண்டியதும் நான். வாத்தியத்தை உதட்டில் வைத்தேன், ஊதினேன். சத்தம் வரவில்லை. காற்று மட்டும் போயிற்று. நிறுத்தியிருக்க வேண்டும். நிறுத்தினால் இனி எடுக்கவே மாட்டேன் என்று தெரிந்தது, அதனால் அந்த வெறும் காற்றையே விட்டுக்கொண்டிருந்தேன். கண்ணில் தண்ணீர் வந்துவிட்டது, துடைக்கக் கை இல்லை.

அப்போது டிரைவர் குச்சிகளைக் கீழே வைத்தாள். இரண்டு உள்ளங்கைகளையும் ட்ரம்மின் தோல் மேல் வைத்து மெதுவாகத் தேய்த்தாள். என் காற்று எப்படியோ, அப்படியே ஒரு சத்தம். நான் நிறுத்தினால் அவள் நிறுத்தினாள். நான் மூச்சு வாங்கினால் அவள் காத்திருந்தாள். பிறகு நெட்டை, தந்தியை விட்டுவிட்டு பேஸின் மர உடம்பின் மேல் வில்லை இழுத்தான். மைக் கெட்டுவிட்டது என்று நினைத்து ஒலிப்பதிவாளர் எழுந்தார். வாத்தியார் அவரைப் பார்த்த பார்வையில் உட்கார்ந்துவிட்டார். வகுப்பில் பையன்கள் அப்படித்தான் உட்காருவார்கள் போலிருக்கிறது.

எவ்வளவு நேரம் போயிற்றோ தெரியாது. பழைய சத்தத்தைத் தேடுவதை எங்கேயோ விட்டுவிட்டேன். வாய்க்குள் என்ன இருக்கிறது என்று பார்க்கத் தொடங்கினேன். உன் பற்கள் வழுக்குகின்றன அண்ணா, சுவர் மாதிரி இருக்கின்றன. காற்று முட்டித் திரும்பி உதட்டின் ஒரு பாதியை மட்டும் அதிரவைக்கிறது. அந்தப் பாதியைப் பிடித்துக்கொண்டு மேலே போனேன். சத்தம் இரண்டாகப் பிளந்தது. ஒரே மூச்சில் கீழே ஒன்று, மேலே ஒன்று. அப்படி ஒன்றை நான் ஊதியதும் இல்லை, கேட்டதும் இல்லை. வாத்தியார் சாக்ஸஃபோனை அந்த இரண்டுக்கும் நடுவே கொண்டுவந்து வைத்தார். அதற்குப் பிறகு என்ன நடந்தது என்று எனக்குச் சொல்லத் தெரியவில்லை.

மூன்று நாள் வாசித்தோம். முடிந்ததும் டிரைவர் என்னைக் கட்டிக்கொண்டு அழுதாள். நெட்டை வெளியே போய் நின்றுவிட்டான். எல்லோரும் பிரமாதம் என்கிறார்கள். எனக்குத் தெரியவில்லை. என் சத்தம் அதில் இல்லை. அவர்கள் என் மேல் பிரியம் உள்ளவர்கள், என்னைத் தேற்ற என்ன வேண்டுமானாலும் சொல்வார்கள்.

பென் டிரைவில் போட்டு இத்துடன் அனுப்புகிறேன். நீ கேள். என் வாழ்நாளில் நீ ஒரு தடவைகூட என் வாசிப்பை நன்றாக இருக்கிறது என்று சொன்னதில்லை. மற்றவர்கள் மரியாதைக்குச் சொன்னபோதும் நீ சொன்னதில்லை. அதனால் உன்னை நம்பலாம். பல் உடைந்த ஒருத்தி தடுமாறுவதுதான் கேட்கிறது என்றால் மறைக்காமல் எழுது. ஆல்பத்தை வெளியிடும் கம்பெனிக்கு வேண்டாம் என்று சொல்லிவிட்டு மே மாதம் ரயிலேறி வருகிறேன். பழைய பல்லோடு முதலிலிருந்து தொடங்குகிறேன்.

இந்த மாதக் கடைசிக்குள் நான் கம்பெனிக்குப் பதில் சொல்ல வேண்டும்.

தங்கை


ஏப்ரல் 13

என் அன்பு பாப்பாவுக்கு,

இந்தக் கடிதத்தை மூன்று முறை தொடங்கிக் கிழித்துவிட்டேன். நான்காவது இது. சரியாக வரவில்லை என்றாலும் அனுப்பிவிடுவேன்.

பார்சல் வந்த அன்று வியாழக்கிழமை. மத்தியான இடைவேளை. நோயாளிகள் இல்லை, உதவிப் பெண் சாப்பிடப் போயிருந்தாள். காத்திருக்கும் அறையில் மெல்லிசை போடும் ஸ்பீக்கரில் பென் டிரைவைச் செருகிவிட்டு, கருவிகளைத் துடைத்து அடுக்கத் தொடங்கினேன். உண்மையைச் சொல்கிறேன், வேலை செய்துகொண்டே கேட்டுவிடலாம், மாலையில் உனக்கு இதமாக நாலு வரி எழுதிவிடலாம் என்றுதான் நினைத்தேன்.

முதலில் ஒன்றுமே கேட்கவில்லை. ஸ்பீக்கர் கெட்டுவிட்டதோ என்று பக்கத்தில் போனேன். அப்புறம்தான் அது மூச்சு என்று தெரிந்தது. என் தங்கையின் மூச்சு. ஒரே அறையில் படுத்து வளர்ந்த எனக்கு அது தெரியாதா? கையில் தட்டோடு அப்படியே நின்றேன். இடைவேளை முடிந்ததும், முதல் நோயாளி வந்து உட்கார்ந்ததும் எனக்குத் தெரியாது. இருவரும் கேட்டுக்கொண்டிருந்தோம். கன்னத்தைப் பிடித்துக்கொண்டு வந்த மனிதர், கையை எடுத்துவிட்டார்.

பாப்பா, உன் சங்கீதம் எனக்கு இன்றைக்கும் புரியவில்லை. ஆனால் எனக்கு வாய் தெரியும். வாயைப் பார்த்தேதான் என் வயிறு நிறைகிறது. காற்று எந்த இடத்தில் முட்டுகிறது என்பது எனக்குக் கேட்டது. வலது பல்லின் உள்பக்கம் நான் ஒரு சின்னச் சரிவு விட்டு மெருகேற்றியிருக்கிறேன். உன் மூச்சு அந்தச் சரிவில் ஏறுவது கேட்டது. நாக்கு இடது பக்கம் ஒதுங்குவது கேட்டது. உதடு விட்டுவிட்டுப் பிடிப்பது கேட்டது. இருட்டில் ஒரு புது வீட்டுக்குள் நுழைந்து ஒவ்வொரு சுவராகத் தொட்டுக்கொண்டு போகிறாய், பயந்துகொண்டே. நான் கூடவே வந்தேன். இது நான் கட்டிய வீடு, எனக்கு வழி தெரியும் என்ற அகம்பாவத்தோடு வந்தேன்.

பிறகு சத்தம் இரண்டாகப் பிளந்தது. அதற்கு மேல் எனக்கு வழி தெரியவில்லை. அது வாயிலிருந்து வரவில்லை. எந்த எலும்பிலிருந்தும், எந்தத் தசையிலிருந்தும் அது வர முடியாது, நான் படித்தவன் சொல்கிறேன். பயமாக இருந்தது. ஒவ்வொரு நாளும் அந்தச் சின்ன இடத்துக்குள் விளக்கு அடித்துப் பார்க்கிறேன். சொத்தை, கறை, சீழ், இவைதான் அங்கே இருப்பவை என்று நினைத்துக் காலத்தைக் கழித்துவிட்டேன். அதற்குள் இவ்வளவு பெரிய இடம் இருக்கிறது என்று எனக்கு யாரும் சொல்லவில்லை.

உன் நண்பர்களை எனக்குப் பழக்கம் இல்லை. ஆனால் கையால் தோலைத் தேய்க்கிற அந்தப் பெண்ணை நேரில் பார்த்தால் காலில் விழுந்துவிடுவேன். நீ விழும்போது பிடித்தவள் அவள்தான். முதல் பாட்டு முடியும் இடத்தில் நான்கு பேரும் உச்சத்தில் கத்திக்கொண்டிருக்கும்போது, ஒரே கணத்தில், ஒரே கத்தியால் வெட்டியது போல நிறுத்துகிறீர்களே. யார் சைகை காட்டியது? திரும்பத் திரும்பப் போட்டுத் தேடினேன். ஒருவர் மூச்சுகூட முன்னால் நிற்கவில்லை. இத்தனை வருஷம் கழித்து, நடத்துவது என்றால் என்ன என்று எனக்குக் கொஞ்சம் தெரிகிறது. நீ அவர்களைக் கட்டி இழுக்கவில்லை. நீ நின்றால் அவர்களால் நிற்காமல் இருக்க முடியவில்லை, அவ்வளவுதான்.

ஞாயிற்றுக்கிழமை அம்மாவையும் அண்ணியையும் கிளினிக்குக்கு அழைத்துவந்தேன். வீட்டு ஸ்பீக்கர் நல்லதில்லை. அம்மா நோயாளி நாற்காலியில் கைப்பையை மடியில் வைத்துக்கொண்டு உட்கார்ந்தாள். எழுந்துபோய்விடுவாள் என்று நினைத்தேன். முடியும்வரை அசையவில்லை. முடிந்ததும் சொன்னாள்: "இவளுக்குக் காய்ச்சல் வந்தப்போ இப்படித்தான் மூச்சு விடுவா. ராத்திரியெல்லாம் பக்கத்துலயே உக்காந்திருப்பேன், விடியறப்போ சரியாயிடும்." அப்புறம், இன்னொரு தரம் போடு என்றாள். அண்ணி எழுந்து போய் முகம் கழுவிக்கொண்டு வந்தாள்.

நீ கேட்ட கேள்விக்குப் பதில். தடுமாறுவது கேட்கிறது. அதைவிடப் பெரிய ஒன்றை நான் கேட்டதில்லை. கம்பெனிக்குச் சரி என்று சொல்.

இன்னொன்றும் சொல்ல வேண்டும். சந்து வைத்த உறைகள் தயாராகி வந்துவிட்டன. அருமையாக இருக்கின்றன. உன் பழைய சத்தம் வேண்டும் என்றால் அது உன் உரிமை, நான் தடுக்க மாட்டேன். ஆனால் நான் மாட்ட மாட்டேன். என்னோடு படித்த டாக்டரம்மா ஒருத்தி உன் ஊரிலேயே இருக்கிறாள், என்னைவிட நிதானமானவள். நீ சொன்னால் உறைகளை அவளுக்கு அனுப்பிவைக்கிறேன். இனி உன் பல்லுக்கு என்ன தேவை என்றாலும் அவளிடம் போ. ஒரு தடவை கேட்காமல் கை வைத்தேன். அந்த வாய்க்குள் என்ன இருக்கிறது என்று இப்போது கேட்டுவிட்டேன். இனி அதில் கை வைக்க எனக்குத் துணிச்சல் இல்லை. கோபம் இல்லை, வருத்தம்கூட இல்லை. கை வராது, அவ்வளவுதான்.

என்றும் உன்
அண்ணன்


ஜூன் 6

அன்புள்ள அண்ணா,

உன் கடிதத்தை ஒத்திகை அறையில் உரக்கப் படித்தேன். டிரைவர் தன்னைப் பற்றிய இடத்தை மறுபடி படிக்கச் சொன்னாள். மூன்றாவது தரமும் கேட்டாள், வாத்தியார் அதட்டினார். அவள் காலில் நீ விழ வேண்டாமாம், வந்தால் பேருந்தில் முன் இருக்கை தருகிறாளாம்.

தனியாக வீட்டுக்கு வந்து இன்னொரு தரம் படித்தேன். அப்புறம் பழைய சத்தத்துக்காக உட்கார்ந்து அழுதேன். அதுவரை அழவில்லை, கோபம்தான் பட்டுக்கொண்டிருந்தேன். அது போய்விட்டது அண்ணா. நல்ல சத்தம். அது போனது போனதுதான், அதற்குப் பதில் இது என்று என்னால் கணக்கு நேர் செய்ய முடியாது. ஆனால் இப்போது காலையில் வாத்தியத்தைக் கையில் எடுக்கும்போது என்ன வரும் என்று எனக்குத் தெரிவதில்லை. அது தெரியாமல் ஊதி எவ்வளவோ வருஷம் ஆகியிருந்தது. உறைகள் உன்னிடமே இருக்கட்டும். வேண்டும் என்று தோன்றினால் நானே கேட்கிறேன்.

கம்பெனிக்குச் சரி என்று சொல்லியாயிற்று. இசைத்தட்டு அடுத்த மாதம் வருகிறது.

இப்போது ஒரு சங்கடம். பத்து நாளாக இடது முன்பல் விண்விண் என்று தெறிக்கிறது. ஊதும்போது இல்லை, ஊதி முடித்த பிறகு. நேற்று உன் டாக்டரம்மாவிடம் போனேன். தங்கமானவள். நாற்காலியில் படுக்கவைத்து, விளக்கைச் சரிசெய்து, வாயைத் திற என்றாள். என்னால் திறக்க முடியவில்லை. அவள் எவ்வளவோ நயமாகச் சொல்லிப் பார்த்தாள். உதடு சேர்ந்தது சேர்ந்தபடியே இருந்தது. மன்னிப்புக் கேட்டுவிட்டு எழுந்து வந்துவிட்டேன். வெளியே காத்திருந்த நெட்டை, முடிந்துவிட்டதா என்று கேட்டான். தொடங்கவே இல்லை என்றேன்.

உனக்குத் துணிச்சல் இல்லை என்கிறாய். எனக்கு மட்டும் இருந்ததா? சத்தம் வராத வாத்தியத்தோடு நான் போய் நின்றேன் இல்லையா? கை நடுங்கினால் நடுங்கட்டும், கொஞ்ச நேரம் காத்திருக்கலாம். இந்தத் தடவை ஒவ்வொன்றையும் கேட்டுக் கேட்டுச் செய். நான் தலையாட்டினால் செய், இல்லையென்றால் விடு.

ஆல்பத்தின் பின்னட்டைக்கு யார் யார் என்ன வாசித்தார்கள் என்று எழுதித் தரச் சொன்னார்கள். ட்ரம்பெட், சாக்ஸஃபோன், டபுள் பேஸ், ட்ரம்ஸ் என்று நால்வரையும் எழுதினேன். கடைசியாக ஒரு வரி சேர்த்தேன். அச்சுக்குப் போகும் முன் கம்பெனிக்காரர் ஃபோன் செய்து, இது என்ன வாத்தியம், தப்பாக எழுதிவிட்டீர்களா என்று கேட்டார். தப்பில்லை, அப்படியே போடுங்கள் என்றேன். அச்சாகிவிட்டது, நீ இனி வேண்டாம் என்று சொல்லிப் பயனில்லை.

"பற்கள்: அண்ணன்."

சனிக்கிழமை காலை முதல் ஆளாக வருகிறேன். கிளினிக்கைத் திறந்து வை.

உன்
தங்கை